ஜன்னல் திரையும் மூடிக்கிடக்கும் மிஷினும்

 

சென்ற ரமளானுக்குச் சில வாரங்களுக்கு முன் ஒரு சகோதரி நம் அலுவலகத்துக்கு வந்தார். கணவரை இழந்தவர், இரண்டு பிள்ளைகள். நான்கு ஆண்டுகளுக்கு முன் ஜகாத் நிதியிலிருந்து நாம் அவருக்கு ஒரு தையல் மிஷின் கொடுத்திருந்தோம். வெகுநேரம் தயங்கிவிட்டு, "அண்ணே, அந்த மிஷினை வித்துரலாமா? கூடுமா?" என்று கேட்டார். ஜகாத்தாகக் கொடுத்த பொருள் வாங்கியவருக்கே சொந்தம், விற்பதற்கு எங்கள் அனுமதி தேவையில்லை என்று சொன்னேன். மார்க்கச் சட்டம் அவ்வளவுதான். ஆனால் ஏன் விற்க நினைக்கிறார் என்று கேட்டபோது அவர் சொன்னதுதான் மனதில் தைத்தது.

மூன்று மாதம் தையல் பழகியிருக்கிறார். முதல் பெருநாளுக்கு ஒரு ஜாக்கெட்டும் ஒரு சுடிதாரும் தைத்துக் கொடுத்திருக்கிறார். ஜாக்கெட்டில் கை ஏறவில்லை, சுடிதாரில் கழுத்து இறங்கிவிட்டது. இரண்டு துணிக்கும் கைக்காசு போட்டு ஈடுகட்டியிருக்கிறார். அதற்குப் பிறகு யாரும் வரவில்லை. அதே தெருவில் இருபது வருடம் கைதேர்ந்த டெய்லர் ஒருவர் இருக்கும்போது இவரிடம் ஏன் வருவார்கள்? மிஷின்மேல் பழைய லுங்கியைப் போர்த்தி, அதன்மேல் பிள்ளைகளின் புத்தகப் பையை வைத்திருக்கிறார்.

அதன் பிறகு, நாம் மிஷின் கொடுத்த வீடுகளுக்கு ஒரு நடை போய்ப் பார்த்தேன். பல வீடுகளில் அதே லுங்கி, அதே பை. குற்றம் அவர்களுடையது அல்ல. மிஷினைக் கொடுத்தோம், போட்டோ எடுத்தோம், இதே இதழில் அச்சிட்டோம். வேலை எங்கிருந்து வரும் என்று நாங்கள் யோசிக்கவில்லை.

அதே மாதம் வெளிநாட்டிலிருந்து விடுப்பில் வந்த ஒரு சகோதரரின் புதுவீட்டுக்கு துஆவுக்குப் போயிருந்தேன். பதினொரு ஜன்னல், ஆறு வாசல். எல்லாவற்றுக்கும் ஸ்கிரீன் வெளியூரிலிருந்து தைத்து வந்திருந்தது. ஒன்றைப் புரட்டிப் பார்த்தேன். நான்கு பக்கமும் நேர்த்தையல், அவ்வளவுதான். கழுத்து இல்லை, கை இல்லை, அக்குள் இல்லை. ஜாக்கெட் தைக்க வராத கைக்கும் இது வரும். இதில் உள்ள சிரமமெல்லாம் அளவில் இருக்கிறது. துணியில் கத்தரி வைப்பதற்கு முன் ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொள்ளத் தெரிந்தால் முக்கால் வேலை முடிந்தது. ஆகவே இந்த மாதப் பாடம் ஜன்னல் திரை. சொந்த வீட்டுக்குத் தைப்பவர்களுக்கும் ஆகும், கூலிக்குத் தைக்க நினைப்பவர்களுக்கும் ஆகும்.

திரை நமக்குப் புதிதல்ல

உர்தூ பேசும் நம் குடும்பங்களில் ஜன்னலில் தொங்குவதற்கும் பர்தா என்றுதான் பெயர். அந்தப் பாரசீகச் சொல்லின் முதல் பொருளே திரைதான். ஹிஜாப் என்ற அரபுச் சொல்லும் அப்படியே. அப்துல்லாஹ் இப்னு புஸ்ர் (ரலி) அவர்கள் அறிவிக்கும் ஒரு செய்தி அபூதாவூதில் வருகிறது. நபி (ஸல்) அவர்கள் ஒருவருடைய வீட்டுக்குச் சென்றால் வாசலுக்கு நேர் எதிரே நிற்க மாட்டார்கள். வலப்புறமாகவோ இடப்புறமாகவோ ஒதுங்கி நின்று ஸலாம் சொல்வார்கள். அந்நாளில் வாசல்களுக்குத் திரை இருக்கவில்லை என்று காரணமும் அதே அறிவிப்பில் இருக்கிறது. நம் தெருக்களில் இப்போது சுவரோடு சுவராக வீடு கட்டுகிறோம். எதிர்வீட்டு மாடியில் துணி காயப்போட வருபவர் எங்கே ஒதுங்கி நிற்பார்? அங்கே திரைதான் ஒதுங்கி நிற்கும் வேலையைச் செய்கிறது.

ஆயிஷா (ரலி) அவர்கள் உருவங்கள் உள்ள ஒரு திரையைத் தொங்கவிட்டதும், நபி (ஸல்) அவர்கள் அதை வெறுத்து அகற்றியதும், அந்தத் துணியை வெட்டி அவர்கள் தலையணையாக்கியதும் புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ள செய்தி. உருவப்படச் சட்டத்துக்காக இதைப் பல பயான்களில் கேட்டிருக்கிறோம். எனக்கு அதன் கடைசிப் பகுதியும் மிகவும் பிடிக்கும். துணி வீணாகவில்லை, வேறொரு பொருளாயிற்று. பிள்ளைகள் அறைக்குப் பொம்மைப் படம் போட்ட திரை வாங்குபவர்கள் சட்டத்தை ஹஜ்ரத்திடம் கேட்டுக்கொள்ளுங்கள். கோடு, கட்டம், கொடி, பூ என்று எத்தனையோ இருக்கின்றன. முஸ்லிமில் வரும் ஓர் அறிவிப்பில், வீட்டுச் சுவருக்கு அலங்காரத் துணி போர்த்துவதை நபி (ஸல்) அவர்கள் விரும்பவில்லை என்ற கருத்தும் உண்டு. ஜன்னலே இல்லாத சுவரில் தரைவரை திரை போட்ட ஒரு ஹாலை நான் பார்த்திருக்கிறேன். யார் வீடு என்று சொல்லப்போவதில்லை.

துணிக்கும் நம் ஊருக்கும் உள்ள உறவையும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். வேப்பந்தட்டையில் வேளாண் பல்கலைக்கழகத்தின் பருத்தி ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. கரிசல் காட்டில் பருத்தி எடுத்த கைகள் நம் மஹல்லாக்களிலேயே உண்டு. அரியலூர்ப் பக்கம் உடையார்பாளையம் வட்டத்திலும் கொள்ளிடத்துக்கு அப்பால் திருப்பனந்தாள் பக்கத்திலும் வரையப்படும் கருப்பூர் கலம்காரிக்கு 2021-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. கோயில்களுக்கான தொங்குதிரைகளும் விதானத் துணிகளும்தான் அதில் அதிகம். அந்த விதானத் துணிக்கு அஸ்மான்கிரி என்று பெயர். ஆஸ்மான் என்றால் வானம் என்பது மதரஸா பிள்ளைகளுக்குத் தெரியும். சோழமண்டலக் கரையின் சாயத் துணிகள் ஒருகாலத்தில் கப்பலேறிப்போய் லண்டனிலும் ஆம்ஸ்டர்டாமிலும் கட்டில் திரையாகவும் சுவர்த் திரையாகவும் தொங்கின. உள்ளூர் நெசவாளர் பிழைப்புக் கெடுகிறதென்று 1721-இல் இங்கிலாந்தில் அச்சடித்த பருத்தித் துணிக்குத் தடைச் சட்டமே போட்டார்கள். அப்படிப்பட்ட கரையில் இருந்துகொண்டு இன்று ஒரு ஜன்னலுக்குத் துணி எத்தனை மீட்டர் என்று கடைக்காரரைக் கேட்கிறோம்.

அளவு

கடையில் தயாராகக் கிடைக்கும் திரைகள் பெரும்பாலும் 4 அடி அகலம். ஜன்னலுக்கு 5 அடி உயரம், வாசலுக்கு 7 அடி, பெரிய வாசலுக்கு 9 அடி. நம் வீடுகள் அந்தக் கணக்கில் கட்டப்படுவதில்லை. மேஸ்திரி நின்ற இடத்தில் ஜன்னல். அதனால்தான் வாங்கி வந்த திரை ஒன்று பாதி ஜன்னலில் நின்றுவிடும், இல்லையென்றால் தரையைக் கூட்டும்.

முதலில் கம்பி எங்கே வரும் என்று முடிவு செய்யுங்கள். ஜன்னல் சட்டத்தை மட்டும் அளந்துவிட்டு வருவதுதான் எல்லோரும் செய்யும் பிழை. கம்பி சட்டத்தைவிட இரண்டு பக்கமும் 6 இன்ச் நீண்டிருக்க வேண்டும். அப்போதுதான் திரையை ஒதுக்கும்போது அது சுவர்மேல் போய் நிற்கும், ஜன்னலின் காற்றை மறைக்காது. கரண்ட் போன இரவில் இதன் அருமை தெரியும்.

ஒரு கணக்கைப் போட்டே காட்டுகிறேன். தாளில் எழுதிக்கொண்டே வாருங்கள். ஜன்னல் 4 அடிக்கு 4 அடி, அதாவது 48 இன்ச். கம்பி 48, இரண்டு பக்கமும் ஆறு ஆறு, ஆக 60 இன்ச். திரை கம்பியின் நீளத்தைப் போல ஒன்றரை மடங்காவது இருக்க வேண்டும். இரண்டு மடங்கு இருந்தால் அழகாக அலை விழும். சரியாக 60 இன்ச்சுக்குத் தைத்தால் விரித்த போர்வை மாதிரி தட்டையாகத் தொங்கும், நடுவில் இடுக்கும் விழும். மெல்லிய வலைத்துணி என்றால் இரண்டரை மடங்குவரை கேட்கும்.

ஸ்கிரீன் துணி பொதுவாக 48 இன்ச் அகலத்தில் வரும். 54-உம் உண்டு, கடையில் டேப்பை வைத்துப் பாருங்கள். 48 இன்ச் துணியில் இரண்டு ஓரமும் ஒவ்வொரு இன்ச்சாக இரண்டு மடிப்பு மடித்தால் 4 இன்ச் போய்விடும், மீதி 44. இரண்டு பட்டை போட்டால் 88 இன்ச். 60 இன்ச் கம்பிக்கு அது ஒன்றரை மடங்கில் ஒரு முடி குறைவு, கனமான துணிக்குப் போதும். மூன்று பட்டை போட்டால் 132, இரண்டு மடங்குக்கு மேல். கூலிக்குத் தைப்பவர்கள் இந்த இரண்டு கணக்கையும் வீட்டுக்காரரிடம் காட்டி அவரையே சொல்லச் சொல்லுங்கள்.

இனி உயரம். திரையின் மேல் விளிம்பு சட்டத்துக்கு 6 இன்ச் மேலே, கீழ் விளிம்பு 6 இன்ச் கீழே என்று வைத்தால் 6, 48, 6 சேர்ந்து 60 இன்ச். இது தைத்து முடித்த பிறகு இருக்க வேண்டிய உயரம். வெட்டும் உயரம் வேறு. கீழே 3 இன்ச் மடிப்பை இரண்டாக மடிக்க 6 இன்ச். மேலே கம்பி நுழையும் பை 2 இன்ச், பைக்கு மேல் சுருக்கமாக நிற்கும் தலைப்புக்கு ஒன்றரை இன்ச், உள்ளே திருப்பி மடிக்க அரை இன்ச், ஆக 4. மொத்தம் 70 இன்ச். பருத்தித் துணி என்றால் சுருங்குவதற்கு நூற்றுக்கு 5 சேர்த்துக்கொள்ளுங்கள், ஏறக்குறைய 74 இன்ச் ஆகும். இரண்டு பட்டைக்கு 148 இன்ச். ஒரு மீட்டருக்கு 39 இன்ச் சொச்சம். ஆக நாலு மீட்டர் கேளுங்கள். மூன்று பட்டை என்றால் ஐந்தே முக்கால் மீட்டர்.

பெரிய பூ, பெரிய கட்டம் போட்ட துணியில் இந்தக் கணக்கு போதாது. ஒரு பூவிலிருந்து அடுத்த அதே பூவரை எத்தனை இன்ச் என்று அளந்து, இரண்டாவது பட்டையிலிருந்து ஒவ்வொரு பட்டைக்கும் அந்த அளவு கூடுதலாக வாங்க வேண்டும். இல்லாவிட்டால் இடது திரையில் பூ ஒரு மட்டத்திலும் வலது திரையில் வேறு மட்டத்திலும் நிற்கும். ஒருமுறை கண்ணில் பட்டுவிட்டால் பிறகு அதுதான் தெரியும். முதன்முதலாகத் தைப்பவர்களுக்கு என் ஆலோசனை: வெற்றுத் துணி அல்லது நெடுக்குக் கோடு.

வாசல் திரைக்கு ஒரு வித்தியாசம். தரையிலிருந்து ஓர் இன்ச் மேலேயே நிறுத்துங்கள். தரையைத் தொட்டால் வீடு துடைக்கும் தண்ணீரைத் துணி உறிஞ்சி அடி ஓரம் கறுத்துவிடும்.

எங்கள் அலுவலகத் திரை

இப்போது என் கதை. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கல்யாணத்துக்காக ஈரோடு போனவன் சென்னிமலைக்கும் போய், கைத்தறித் துணி வாங்கி வந்தேன். நம் அலுவலகத்தின் மூன்று ஜன்னலுக்கு. நானே அளந்தேன், பக்கத்து வீட்டுப் பிள்ளை தைத்தது. மாட்டியபோது மாஷா அல்லாஹ், அளவு இம்மி பிசகவில்லை. ஆறு மாதம் கழித்து முதல்முறை துவைத்தோம். காய்ந்ததும் மாட்டினால் திரைக்குக் கீழே ஜன்னல் கட்டை தெரிகிறது. ஏறக்குறைய மூன்று இன்ச் ஏறிப்போயிருந்தது. துணியைக் குறை சொல்ல வழியில்லை. நல்ல பருத்தி தண்ணீரைக் கண்டால் சுருங்கத்தான் செய்யும். தைப்பதற்கு முன் நனைக்காதது என் தவறு. கமிட்டிக் கூட்டத்தில் ஒரு பெரியவர், "செயலாளர் திரைக்கும் கைலி மாதிரி மடிச்சுக் கட்டியிருக்காரு" என்றார். இன்றுவரை அந்தத் திரை அப்படியேதான் தொங்குகிறது.

ஆகவே பருத்தித் துணியை வாங்கி வந்ததும், ஒரு நூல்கூட வெட்டாமல், முழுத் துணியாக ஓர் இரவு பச்சைத் தண்ணீரில் ஊறவையுங்கள். முறுக்கிப் பிழியாமல் நிழலில் உலர்த்தி, இலேசான ஈரத்திலேயே இஸ்திரி போடுங்கள். சாயம் போகிறதா என்பதும் அந்தத் தண்ணீரிலேயே தெரிந்துவிடும். பாலியஸ்டர் துணிக்கு இந்த வேலை இல்லை, அது சுருங்காது. கீழே இரட்டை மடிப்பு வைக்கச் சொன்னதும் இதற்காகத்தான். பிறகு சுருங்கினாலும் பிரித்து விட உள்ளே துணி இருக்கும்.

துணி எங்கே வாங்குவது என்று கேட்கிறார்கள். கரூர் திரைத்துணிக்கும் மேசை விரிப்புக்கும் பேர்போன ஊர், வெளிநாடுகளுக்கே போகிறது. சென்னிமலை கைத்தறிப் போர்வைக்கும் திரைத்துணிக்கும். ஈரோட்டில் அப்துல் கனி ஜவுளிச் சந்தையின் வாரச்சந்தை செவ்வாய்க்கிழமை. திங்கள் இரவே வியாபாரம் தொடங்கிவிடும். ஆனால் ஒரு ஜன்னலுக்காக அங்கே போனால் பஸ் கட்டணத்தில் மிச்சம் கரைந்துவிடும். நாலைந்து வீட்டார் சேர்ந்து, அளவுத் தாளோடு ஒருவரை அனுப்பினால் பலன் உண்டு. கோ-ஆப்டெக்ஸில் பண்டிகைக் காலத் தள்ளுபடி வரும், அதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

அரியலூர்ப் பக்கம் சுண்ணாம்புக்கல் லாரி போகும் சாலையோர வீட்டுக்காரர்கள் வெல்வெட்டையும் கனமான மினுமினுப்புத் துணியையும் தவிர்த்துவிடுங்கள். மாதம் ஒருமுறை கழற்றித் துவைக்க வேண்டியிருக்கும். கையால் தூக்கிப் பிழிய முடியாத துணி அந்த வீட்டுக்கு ஆகாது.

முதல் திரைக்குத் துணி வாங்கவே வேண்டாம்

பீரோவில் கட்டாமல் கிடக்கும் பழைய பருத்திப் புடவை ஒன்றை எடுங்கள். புடவை நீளம் ஐந்தரை மீட்டர், சுமார் 216 இன்ச். மூன்றாக வெட்டினால் ஒவ்வொன்றும் 72 இன்ச். மேலே நாம் போட்ட 70 இன்ச் கணக்குக்கு மூன்று பட்டை, அப்படியே அளந்து வைத்தாற்போல. பலமுறை துவைத்த துணி என்பதால் இனிச் சுருங்காது. இரண்டு பக்கமும் கரை இருப்பதால் ஓரத் தையலே தேவையில்லை. மேலும் கீழும் மட்டும் தைத்தால் திரை. கை பழகுவதற்கு இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. கெட்டுப்போனாலும் பழைய புடவைதானே.

தைக்கும்போது

கடைக்காரர் கிழித்தோ வெட்டியோ கொடுக்கும் ஓரத்தை நம்பாதீர்கள். அது கோணலாகத்தான் இருக்கும். துணியின் குறுக்கே ஒரு நூலைப் பிடித்து மெதுவாக இழுங்கள். நூல் வந்த வழி ஒரு கோடாகத் தெரியும். அந்தக் கோட்டில் வெட்டினால்தான் பட்டை நேராகத் தொங்கும். பட்டைகள் எல்லாவற்றையும் ஒரே நேரத்தில், ஒன்றின்மேல் ஒன்று வைத்து அளந்து வெட்டுங்கள். மேல்பக்கம் எது என்று மூலையில் சாக்பீஸால் குறி போட்டுவிடுங்கள். கொடி தலைகீழாகத் தொங்கும் வீடுகளை நான் கண்டிருக்கிறேன்.

மில் துணியின் கரை சில சமயம் இறுக்கமாக இருந்து ஓரத்தைச் சுருக்கி இழுக்கும். அப்படியிருந்தால் கரையை வெட்டி எடுத்துவிடுங்கள், அல்லது நான்கு விரலுக்கு ஒரு சின்ன வெட்டு போடுங்கள். சாதாரணப் பருத்திக்கு 14 அல்லது 16 நம்பர் ஊசி, கனத்த துணிக்கு 18. தையல் நெருக்கம் இன்ச்சுக்கு எட்டுத் தையல் போதும்; ஜாக்கெட் மாதிரி நெருக்கித் தைத்தால் ஓரம் சுருண்டுகொள்ளும். நீண்ட நாள் மூடிக்கிடந்த மிஷின் என்றால் எண்ணெய் விட்டு, வேண்டாத துணியில் ஓட்டிப் பாருங்கள். அடிநூல் வளையமாகத் தொங்கினால் மேல்நூல் தளர்ந்திருக்கிறது என்று அர்த்தம்.

முதலில் இரண்டு ஓரம். பிறகு மேல்பக்கத்துப் பை. பை தைப்பதற்கு முன் கையில் உள்ள கம்பியைத் துணியில் சுற்றிப் பாருங்கள். ஒரு இன்ச் கனமுள்ள கம்பிக்கு 2 இன்ச் பை தாராளமாக இருக்கும், பூண் போட்ட முனை நுழையாது என்பதால் அதைக் கழற்றிவிட்டு நுழைக்க வேண்டும். அடி மடிப்பைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். அதுவும் உடனே தைக்காமல், குண்டூசி குத்தி, திரையைக் கம்பியில் மாட்டி இரண்டு நாள் தொங்கவிடுங்கள். தளர்ந்த நெசவுள்ள துணி தன் எடையிலேயே கொஞ்சம் இறங்கும். அதற்குப் பிறகு எல்லாப் பட்டையையும் ஒரே மட்டத்தில் குறித்துத் தையுங்கள். நாள் கணக்கு பார்த்து இந்த இரண்டு நாளை விட்டவர்களின் திரைதான் ஒன்று ஏறியும் ஒன்று இறங்கியும் நிற்கும்.

வளையம் வைத்த திரை இப்போது எல்லோரும் கேட்கிறார்கள். பைக்குப் பதிலாக மேலே 4 இன்ச் பக்ரம் பட்டையை உள்ளே வைத்து மடித்துத் தைத்து, அதில் ஓட்டை வெட்டி, அழுத்திப் பூட்டும் வளையத்தைப் பொருத்துவது. ஒரே ஒரு விதி: வளையங்களின் எண்ணிக்கை இரட்டைப்படையாக இருக்க வேண்டும். அப்போதுதான் திரையின் இரண்டு ஓரமும் சுவர்ப் பக்கம் திரும்பி நிற்கும்; ஒற்றைப்படை என்றால் ஓர் ஓரம் அறைக்குள் நீட்டிக்கொண்டிருக்கும். 44 இன்ச் பட்டைக்கு எட்டு வளையம். இரண்டு ஓரத்திலிருந்தும் ஒன்றரை இன்ச் உள்ளே முதலாவதும் கடைசியும். இடையில் மையத்துக்கு மையம் 6 இன்ச்சுக்குச் சற்றுக் குறைவு. ஓட்டையை வெட்டுவதற்கு முன் எட்டு இடத்தையும் பென்சிலால் வட்டம் போட்டுப் பாருங்கள். வெட்டிய ஓட்டையைத் தைத்து மூட வழியில்லை.

வெயிலைப் பற்றி ஒன்று. மேற்கு ஜன்னலுக்குக் கறுப்புத் திரை போட்டால் அறை குளிரும் என்று பலர் நினைக்கிறார்கள். இருட்டாகும், அவ்வளவுதான். கண்ணாடியைத் தாண்டி உள்ளே வந்த வெப்பத்தைக் கறுப்புத் துணி வாங்கி அறைக்குள்ளேயே விடும். கண்ணாடியைப் பார்க்கும் பக்கம் வெள்ளைக் காடா துணியை உள்துணியாக வைத்துத் தைத்தால் வெயிலில் ஒரு பங்கு திரும்பிப் போகும், முன்துணியின் சாயமும் வெளுக்காது. அதைவிட நல்லது வெயிலைக் கண்ணாடிக்கு வெளியிலேயே நிறுத்துவது. மூங்கில் தட்டியோ பழைய கோரைப்பாயோ வெளிப்பக்கம் கட்டிவிட்டு உள்ளே மெல்லிய திரை போடுங்கள். சமையலறையில் அடுப்புக்குப் பக்கத்து ஜன்னலுக்குத் திரையே வேண்டாம். பாலியஸ்டர் தீயில் உருகி ஒட்டும்.

கூலிக்குத் தைப்பவர்களுக்கு

ஜன்னலுக்கு இவ்வளவு என்று கூலி பேசாதீர்கள், பட்டைக்கு இவ்வளவு என்று பேசுங்கள். ஒரு ஜன்னலுக்கு இரண்டும் வரும், நான்கும் வரும். உள்துணி வைத்தால் தனி, வளையம் வைத்தால் தனி. பெரம்பலூரில் இரண்டு கடைகளில் இன்றைய கூலியை விசாரித்துவிட்டு உங்கள் கூலியைச் சொல்லுங்கள். தெரிந்தவர் என்பதற்காகப் பாதிக்கு இறங்க வேண்டாம். துணியை நீங்கள் வாங்காதீர்கள், அளவை எழுதிக் கொடுத்து வீட்டுக்காரரையே வாங்கச் சொல்லுங்கள். உங்கள் பணம் முடங்காது. வெட்டிய பிறகு மிஞ்சும் துண்டு எவ்வளவு சிறியதானாலும் மடித்துத் திரையோடு திருப்பிக் கொடுத்துவிடுங்கள். அது அமானிதம். அவர் வேண்டாம் என்று சொன்னால் மட்டுமே உங்களுடையது.

முதலில் சொன்ன சகோதரி மிஷினை விற்கவில்லை. அவருடைய முதல் திரை பழைய புடவையில், அவர் வீட்டு ஜன்னலுக்கே. இரண்டாவது, நம் மக்தப் வகுப்பறையின் ஐந்து ஜன்னலுக்கு, டிரஸ்ட் கூலி கொடுத்தது. அதில் ஒரு ஜன்னலில் இரண்டு பட்டைக்கும் அரை இன்ச் ஏற்ற இறக்கம் இருந்தது. பிரித்துத் தைத்துத் தருவதாக அவரே வந்து சொன்னார், கூலி கேட்கவில்லை. இப்போது ஒரு புதுவீட்டு வேலை வந்திருக்கிறது, ஒன்பது ஜன்னல். அளவெடுக்கத் தன் மகளையும் அழைத்துப் போகிறார். டேப்பின் மறுமுனையைப் பிடிக்க ஆள் வேண்டும் அல்லவா?

மிஷின் இல்லாதவர்கள் மாவட்டச் சமூக நல அலுவலகத்தில் சத்தியவாணி முத்து அம்மையார் நினைவு இலவசத் தையல் இயந்திரத் திட்டம் பற்றிக் கேளுங்கள். விதவைகளும் கைவிடப்பட்டவர்களும் ஆட்சியர் தலைமையில் இயங்கும் முஸ்லிம் மகளிர் உதவும் சங்கத்தையும் அணுகலாம். ஆட்சியர் அலுவலக வளாகத்தில் சிறுபான்மையினர் நல அலுவலகத்தில் விசாரித்தால் விவரம் கிடைக்கும். மனு எழுதத் தெரியாதவர்கள் நம் அலுவலகத்துக்கு வாருங்கள், எழுதித் தருகிறோம்.

வளையம் பொருத்த ஓட்டை வெட்டும் கருவி ஒன்றும், பெரிய கத்தரிக்கோல் இரண்டும், ஆறடி நீள இரும்பு ஸ்கேல் ஒன்றும் டிரஸ்ட் சார்பில் வாங்கி வைத்திருக்கிறோம். அஸருக்குப் பிறகு வந்து பதிவேட்டில் பெயர் எழுதி எடுத்துச் செல்லலாம், மூன்று நாளில் திருப்பித் தர வேண்டும். கத்தரிக்கோலால் காகிதம் வெட்டாதீர்கள், முனை மழுங்கிவிடும். சந்தேகம் கேட்க வருபவர்கள் ஜன்னலின் அகலத்தையும் உயரத்தையும் தாளில் எழுதிக்கொண்டு வாருங்கள். "நடுத்தர ஜன்னல்தான் அண்ணே" என்று சொன்னால் நான் என்ன கணக்குப் போடுவேன்?